‘ஆம்’ எனில் விவரிக்கவும்

1

முதலில் ஒரு வாக்குமூலம். இந்தக் கதை என் மூளையில் உதித்ததல்ல. ஓர் இணையப் படிவத்தின் நாலாம் பக்கத்தில், ஆயிரம் எழுத்துக்கு மேல் கொள்ளாத ஒரு பெட்டிக்குள், இது ஏற்கெனவே ஒருமுறை எழுதப்பட்டுவிட்டது. இடைவெளி, முற்றுப்புள்ளி எல்லாம் சேர்த்து 994 எழுத்து. எழுதியது நான். வெட்டியது மாடி வீட்டு அக்கா. என் இருபது வருட எழுத்தில் இத்தனை சுத்தமாக வேறெதுவும் அமையவில்லை. இதை நானேதான் சொல்லிக்கொள்ள வேண்டியிருக்கிறது, ஏனென்றால் அதை வேறு யாரும் படிக்கவில்லை. இப்போது அது எங்கும் இல்லை.

ஏன் இல்லை என்பதை ஆறாம் பகுதியில் சொல்கிறேன். அதுவரை கொஞ்சம் சுற்றி வளைப்பேன். தைரியம் வர எனக்கு நேரம் பிடிக்கும்.

2

தொடக்கத்தை மூன்று விதமாக எழுதிப் பார்த்தேன்.

“பற்களை இழந்த மனிதன் முதலில் இழப்பது தன்—”

(தூக்கிப் போட்டாயிற்று. இப்படித் தொடங்கினால் அடுத்த வரியிலேயே தத்துவம் பேசியாக வேண்டும். எனக்கு அவ்வளவு சரக்கில்லை.)

“அவள் திரையை உற்றுப் பார்த்தாள். அவளுடைய விரல்கள்—”

(இதுவும் போயிற்று. கதையில் ‘அவள்’ என்று எழுதுவதுதான் வழக்கம், தெரியும். ஆனால் என்னைவிடப் பத்து வயது மூத்தவர், தினமும் மாடிப்படியில் எதிரே வருகிறவர். ‘அவள்’ என்று எழுதிவிட்டு எந்த முகத்தோடு வணக்கம் சொல்வது? ‘அவர்’ என்றே இருக்கட்டும். கதை கொஞ்சம் விறைப்பாகத் தெரிந்தால் மரியாதையின் பேரில் மன்னித்துவிடுங்கள்.)

மூன்றாவதுதான் நிலைத்தது: ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை ஒன்பதரை மணிக்கு, மாடி வீட்டு அக்கா கையில் ஒரு பிளாஸ்டிக் பைலோடு என் கதவைத் தட்டினார்.

அக்கா பல் செட் செய்கிறவர். ஊரிலிருக்கும் நாலு பல் டாக்டர்கள் அச்செடுத்து அனுப்புவார்கள். அந்த அச்சில் பிளாஸ்டர் ஊற்றி, மெழுகில் ஈறு கட்டி, பல் வரிசை வைத்து, முழு செட்டாக்கித் திருப்பி அனுப்புவார். அவர் வீட்டின் முன்னறைதான் பட்டறை. பல் ராவும் மோட்டார் காலை எட்டு மணிக்கு என் தலைக்கு மேல் ஓடத் தொடங்கும். என் வாக்கியங்கள் பாதியில் நிற்பதற்கு அந்த மோட்டாரைத்தான் இதுவரை காரணம் சொல்லி வந்திருக்கிறேன்.

“எழுத்தாளரே, சும்மாத்தானே இருக்கீங்க?” என்றார்.

எழுதிக்கொண்டிருப்பவனைப் பார்த்து உலகமே கேட்கும் கேள்விதான் இது. ஆமாம் என்றேன்.

“எங்க அண்ணனைப் பாக்கப் போகணும் தம்பி. ரெண்டு மாச விசா. எல்லாம் கம்ப்யூட்டர்லயே எழுதிப் போடணுமாம். நீங்க எழுதுறவரு, உங்களுக்கு வராமலா போயிடும்?”

காரியம் ஆக வேண்டும் என்றால் நான் தம்பி. கேலிக்கு மட்டும் எழுத்தாளர்.

3

இனி அண்ணன். இவர்மேல்தான் எனக்குச் சந்தேகம்.

நான் பார்த்திராத மனிதர். அதனால் இவருக்கு ஏதாவது பூச்சு வேலை செய்யலாமா என்று கை அரித்தது. ஒரு வரைவில் அவரைப் பாடகராக்கினேன். பல்லில்லாத பாடகர், அடடா! அக்காவிடம் சொன்னேன்.

“அவனா? அவன் பாடினா பக்கத்து வீட்டுல போலீசுக்குச் சொல்லிடுவாங்க. கிடங்குல பாரம் தூக்குற வண்டி ஓட்டினான். அதையே எழுதுங்க.”

அதையே எழுதுகிறேன். கிடங்கில் வண்டி ஓட்டி ஓய்வு பெற்றவர். தனி ஆள். முப்பது வருடமாக வெளிநாட்டில் இருந்தாலும், ஞாயிறு காலை பத்து மணிக்கு அவர் போன் வந்துவிடும். ஒரு மணி நேரம் பேசுவார். விஷயம் என்று ஒன்றும் இருக்காது. எதிர்வீட்டு நாய் இவரை மட்டும் பார்த்துக் குரைப்பது, கடையில் தக்காளி கல்லு மாதிரி இருப்பது, இவர் வாங்கிய செருப்பு ஒரே பக்கமாகத் தேய்வது. அக்கா போனை ஸ்பீக்கரில் போட்டுவிட்டு மெழுகு செதுக்கிக்கொண்டே ‘உம்’ கொட்டுவார். அண்ணன் அவரைக் கூப்பிடுவது ‘பாப்பா’ என்று. பாப்பாவுக்கு வயது ஐம்பத்தெட்டு.

போன வருடம் அண்ணனுக்குப் பற்கள் ஆட்டம் கண்டு எல்லாவற்றையும் எடுத்துவிட்டார்கள். அங்கே செய்துகொடுத்த செட் சரியில்லை. அக்கா விடுவாரா? “அச்சு எடுத்து அனுப்பச் சொல்லு. நான் பண்றேன்.” எட்டுச் சுற்றுப் பஞ்சுக்குள் பிளாஸ்டர் அச்சு பார்சலில் வந்தது. தங்கை தன் வாழ்நாளிலேயே இல்லாத கவனத்தோடு ஒரு செட் செய்தார். முன்பல் ஒன்றை லேசாகச் சாய்த்துக்கூட வைத்தார், அண்ணனுக்கு முன்பு இருந்த மாதிரியே.

செட் போய்ச் சேர்ந்த அன்று வீடியோவில் அண்ணன் அதை மாட்டிக்கொண்டு “பாப்பா” என்றார். ‘டக்’ என்று சத்தம் வந்தது. இன்னொரு தரம் சொன்னார். மறுபடி ‘டக்’. சிரித்தார், கீழ்ப்பல் வரிசை மேலே மிதந்து வந்தது.

அச்சு ஈறின் வடிவத்தைத்தான் சொல்லும். வாயை மூடினால் இரண்டு தாடைக்கும் நடுவே எவ்வளவு இடம் என்று அது சொல்லாது. அதற்கு ஆளை எதிரே உட்கார வைத்து, மெழுகைக் கடிக்கச் சொல்லி, உதட்டைப் பார்த்து அளக்க வேண்டும். அக்காவுக்கு இது தெரியாததல்ல. தெரிந்தும், அண்ணன் முகம்தானே, மனசுக்குள் இருக்கிறதே என்று நினைவிலிருந்தே அளவு வைத்துவிட்டார். நினைவில் இருந்தது, கடைசியாக ஊருக்கு வந்தபோது பார்த்த நாற்பது வயது முகம்.

அடுத்த மாதத்திலிருந்து ஞாயிற்றுக்கிழமை போன் வரவில்லை. ‘நலம்’ என்று ஒரு வார்த்தைச் செய்தி மட்டும் வரும். எட்டு மாதமாக அண்ணன் ரொட்டியைப் பாலில் நனைத்துத்தான் சாப்பிடுகிறார். பதினோரு கிலோ குறைந்துவிட்டார்.

“நலம்னு எழுதுறவனா அவன்? பேசினா டக்கு டக்குன்னு சத்தம் வருதுன்னு வெக்கப்படுறான். அந்த சத்தத்தை உள்ள வச்சது நான்.”

(அண்ணன் இங்கே வரலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். நானும் கேட்டேன். இதயத்தில் குழாய் வைத்திருக்கிறார்கள். விமானத்தில் ஏறவே கூடாது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார்.)

இன்னொன்றும் இருக்கிறது. பல் போன தாடை எலும்பு மாதாமாதம் தேய்ந்துகொண்டே வரும். ரொம்பத் தேய்ந்துவிட்டால் கீழ் செட் உட்கார இடமே இருக்காது. அக்கா கையால் செய்தாலும் நிற்காது.

4

படிவத்தைப் பற்றிக் கொஞ்சம். மொத்தம் ஏழு பக்கம், ஆங்கிலத்தில். அக்கா ஆங்கிலம் எழுத்துக் கூட்டித்தான் படிப்பார், அதனால் நான் கேள்வியைப் படித்துத் தமிழில் சொல்வது, அவர் பதில் சொல்வது, நான் தட்டுவது என்று ஏற்பாடு. இருபது நிமிடம் எதையும் சேமிக்காமல் இருந்தால் அது நம்மை வெளியே தள்ளிவிடும். மூலையில் ஒரு கடிகாரம் இறங்கிக்கொண்டே இருக்கும்.

‘திருமண நிலை’ என்ற இடத்தில் நான் ஒரு நொடி தயங்கினேன்.

“அவர் போயித்தான் ஒன்பது வருசம் ஆச்சே. அதைப் போட்டுட்டு அடுத்ததுக்குப் போங்க,” என்றார்.

புகைப்படத்தைப் படிவம் மூன்று முறை திருப்பியடித்தது. காரணம்: வாய் மூடியிருக்க வேண்டும். அக்கா கேமராவைப் பார்த்தாலே பல் தெரியச் சிரிப்பார். மேல் வரிசை அவரே அவருக்குச் செய்துகொண்டது. அவர் தொழிலுக்கு அதைவிட விளம்பரம் வேண்டாம்.

“வாயை மூடுன்னு இதுவரைக்கும் எங்க அண்ணன் ஒருத்தன்தான் எங்கிட்ட சொல்லியிருக்கான்,” என்று சொல்லிவிட்டு நாலாவது படத்துக்கு உதட்டை இறுக்கிக்கொண்டார். அந்தப் படத்தில் அவர் வேறு யாரோ மாதிரி இருந்தார். படிவம் ஏற்றுக்கொண்டது.

ஆயுதப் பயிற்சி பெற்றதுண்டா, அரசைக் கவிழ்க்க முயன்றதுண்டா என்றெல்லாம் கேள்விகள் வந்தன. ஒவ்வொன்றுக்கும் அக்கா நேர்மையாக யோசித்துவிட்டுத்தான் “இல்ல” என்றார். அவர் யோசித்து முடிக்கும்வரை நான் மூலைக் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

5

நாலாம் பக்கம், பதினோராம் கேள்வி: *தங்கியிருக்கும் காலத்தில், ஊதியம் பெற்றோ பெறாமலோ, ஏதேனும் வேலை செய்வீர்களா?*

“இல்லை” என்று நானே சொல்லிக்கொண்டு சுட்டியை நகர்த்தினேன்.

“இருங்க தம்பி. என்ன கேட்டான்?”

மறுபடி சொன்னேன்.

“சம்பளம் வாங்காமன்னாலும் கேக்குறானா?”

“ஆமா.”

“அப்ப ‘ஆமா’ன்னு போடுங்க. நான் பல் செட் பண்ணத்தானே போறேன்.”

அக்காவிடம் நான் விளக்கிப் பார்த்தேன். அண்ணனுக்குத் தங்கை செய்வது வேலையில் சேராது, இவர்கள் கேட்பது வேறு, ‘குடும்பத்தினரைப் பார்க்க’ என்று போட்டால் யாரும் கேட்கப் போவதில்லை, ‘ஆம்’ என்று போட்டால் மறுத்துவிடுவார்கள், ஒருமுறை மறுத்துவிட்டால் அடுத்த முறையும் கஷ்டம். இது பொய் இல்லை அக்கா, சுருக்கம், என்றேன். எங்கள் தொழிலில் இதற்கு எடிட்டிங் என்று பெயர்.

“எங்க தொழில்ல இதுக்கு அரைகுறைன்னு பேரு. உறுத்துற செட்டைக் குடுத்து சரியா இருக்குன்னு நான் யாருக்கும் சொன்னதில்ல. எங்க அண்ணனுக்குத்தான் சொன்னேன். அவன் டக்குனு சத்தம் வருதுங்கிறான், நான் பழகிடும்ங்கிறேன். ஒரு மாசம் அதையே சொன்னேன் தம்பி. அதுக்கப்புறம்தான் அவன் பேசுறதை நிறுத்தினான்.”

அவர் கண் கலங்கியது. நான் ‘ஆம்’ என்பதை அழுத்தினேன்.

அழுத்தியதும் அதுவரை இல்லாத ஒரு பெட்டி கீழே திறந்தது. *‘ஆம்’ எனில் விவரிக்கவும். ஆயிரம் எழுத்துகளுக்கு மிகாமல்.* ‘இல்லை’ என்று சொல்கிறவர்களை இந்தப் படிவம் அப்படியே அனுப்பிவிடுகிறது. ‘ஆம்’ என்கிறவர்களிடம்தான் கதை கேட்கிறது. எழுதுகிறவனுக்கு இது போதாதா? நான் குஷியாகிவிட்டேன்.

முதல் வரைவில் ‘ஒரு சகோதரனின் தொலைந்த சிரிப்பைத் தேடி’ என்று இருந்தது. படித்துக் காட்டினேன்.

“சிரிப்புன்னு எழுதாதீங்க. மெல்லுறதுன்னு எழுதுங்க.”

‘தாங்கொணாத் துயரம்’ போயிற்று. ‘கடல் கடந்து’ போயிற்று. செட்டின் ஓரத்தில் பிதுங்கும் பிசிறை ராவுவதுபோல அவர் என் வார்த்தைகளை ஒவ்வொன்றாக ராவி எடுத்தார். மிஞ்சியது ஏறக்குறைய இதுதான். அசல் ஆங்கிலத்தில். இது நினைவிலிருந்து:

“என் அண்ணனுக்கு வயது அறுபத்து நாலு. வாயில் ஒரு பல்லும் இல்லை. நான் முப்பத்தொரு வருடமாகப் பல் செட் செய்கிறேன். தூரத்திலிருந்து அவருக்கு ஒன்று செய்து அனுப்பினேன். அளவு தவறிவிட்டது. தவறு என்னுடையது. அவரால் மெல்ல முடியவில்லை. பேசக் கூச்சப்படுகிறார். அளவெடுக்க அவர் முகம் எனக்கு எதிரே இருக்க வேண்டும். அவரால் பயணம் செய்ய முடியாது. மெழுகு, பிளாஸ்டர், ஒரு கைப்பெட்டிக் கருவிகள் கொண்டுவருவேன். ஒரு மேல் செட், ஒரு கீழ் செட். வேறு யாருக்கும் செய்ய மாட்டேன். பணம் வாங்க மாட்டேன். அவர் ஒரு ரொட்டியைக் கடித்துத் தின்பதைப் பார்த்துவிட்டுத் திரும்பி வருவேன். இதற்கு வேலை என்று பெயரானால், ஆம், வேலை செய்வேன்.”

கடைசி வாக்கியம் அக்காவுடையது.

6

வந்துவிட்டது.

எழுதி முடித்தபோது கடிகாரத்தில் நாலு நிமிடம் இருந்தது. அக்கா திடீரென்று எழுந்து, “ஐயோ, டாக்டர் அனுப்பின அச்சை அப்படியே வச்சுட்டு வந்துட்டேன்! இப்ப பிளாஸ்டர் ஊத்தலேன்னா சுருங்கிடும்,” என்று மாடிக்கு ஓடினார்.

நான் தனியாக இருந்தேன். மோட்டார் ஓடவில்லை. ரொம்ப நாளைக்குப் பிறகு என் தலைக்கு மேல் அமைதி.

இரண்டு நிமிடம் இருந்தது. கடிகாரம்தான் என்னை அவசரப்படுத்தியது என்று எழுத ஆசையாக இருக்கிறது. ஒரு வரைவில் அப்படித்தான் எழுதியிருந்தேன். உண்மை என்னவென்றால், ‘சேமி’ என்பதை அழுத்தியிருந்தால் போதும். கடிகாரம் மறுபடி இருபதிலிருந்து தொடங்கியிருக்கும்.

நான் ‘ஆம்’ என்பதிலிருந்து ‘இல்லை’ என்பதற்கு மாற்றினேன். அரை அங்குலத் தூரம். பெட்டி மறைந்தது, உள்ளே இருந்த 994 எழுத்தோடு. பிறகு சேமித்தேன்.

ஏன் செய்தேன்? அக்காவுக்கு விசா கிடைக்க வேண்டும் என்று. அண்ணன் மெல்ல வேண்டும் என்று. இதெல்லாம் நிஜம். ஆனால் இவற்றுக்கு அடியில் இன்னொன்று இருந்தது. அந்த அம்மாவுக்கு உலகம் தெரியாது, எனக்குத் தெரியும் என்ற எண்ணம். வெட்கமாகத்தான் இருக்கிறது.

அக்கா இறங்கி வந்தார். இரண்டு கையும் மணிக்கட்டு வரை வெள்ளை. எதையும் தொடாமல் கைகளை உயர்த்திப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். “முதல்லேர்ந்து படிங்க. கேக்குறேன்.”

படித்தேன். பதினோராம் கேள்வி வந்தது. திரையில் ‘இல்லை’ என்று இருந்தது. நான் “ஆம்” என்று படித்தேன். பிறகு வெற்றுத் திரையைப் பார்த்துக்கொண்டே 994 எழுத்தையும் மனப்பாடமாக, தமிழில், ஒரு வரி விடாமல் சொன்னேன்.

அக்கா கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். முடிந்ததும், “இப்ப நல்லா உக்காந்திருக்கு,” என்றார். பொருந்திய செட்டைப் பார்த்து அவர் சொல்லும் வார்த்தை அது.

கடைசிப் பக்கத்தில் உறுதிமொழி. மேற்கண்டவை அனைத்தும் உண்மை. “அதை நான்தான் அழுத்தணும்,” என்று ஒரு விரலை மட்டும் துணியில் துடைத்துவிட்டு அழுத்தினார். சரியாகத் துடைக்கவில்லை. என் சுட்டியில் அந்த வெள்ளைத் தடம் இன்னும் இருக்கிறது.

7

பத்தொன்பதாம் நாள் விசா வந்துவிட்டது.

அக்கா பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்கிறார்: “உள்ளதை உள்ளபடி சொன்னேன், குடுத்துட்டாங்க.” பல் டாக்டர்களிடம் சொல்லியாயிற்று. பார்சல் கொண்டுவருகிறவரிடம் சொல்லியாயிற்று. அண்ணனுக்கும் சொன்னார், எட்டு மாதத்துக்குப் பிறகு அண்ணனிடமிருந்து போன் வந்தது. பல் இல்லாமலே, காற்றாகவே பேசினாராம். எதிர்வீட்டு நாய் செத்துப்போய்விட்டதாம். அதைச் சொல்லி அண்ணன் அழுதாராம்.

நேற்று நான் மாடிக்குப் போயிருந்தேன். சூட்கேஸ் திறந்து கிடந்தது. துணிகளுக்கு மேலே கருவிப்பெட்டி.

“அடியில வைங்க அக்கா,” என்றேன்.

“எதுக்கு? மேலயே இருக்கட்டும். என்ன வேலையா வந்தேன்னு கேட்டா திறந்து காட்டிடலாம். அதான் எழுதியே குடுத்திருக்கோமே. அந்தப் படிவத்தை ஒரு பிரிண்ட் எடுத்துக் குடுங்கன்னு சொன்னேனே, என்னாச்சு?”

பிரிண்டரில் மை இல்லை என்றேன். ஒரு வாரமாக இதையே சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

நான் செய்ததன் முழுப் பொருள் நேற்றுதான் எனக்கு உறைத்தது. அங்கே போய் இறங்கியதும் மேசைக்குப் பின்னால் இருக்கிற அதிகாரியின் திரையில் ‘இல்லை’ என்று இருக்கும். எதிரே நிற்கிற அக்கா ‘ஆமா’ என்பார். பெட்டியையும் திறந்து காட்டுவார். இந்தக் கட்டடத்திலேயே பொய் சொல்லாத ஒரே ஆள், பொய் சொல்லிவிட்டு வந்தவராக அங்கே நிற்பார்.

ஆக, முடிவுகள். எழுதிப் பார்த்தவற்றை அப்படியே தருகிறேன்.

அ) யாரும் எதுவும் கேட்கவில்லை. முத்திரை குத்தி அனுப்பிவிடுகிறார்கள். இரண்டு மாதம் கழித்து அண்ணன் ரொட்டி கடிக்கிற வீடியோ வருகிறது. (போய் வந்தவர்கள் பெரும்பாலும் இப்படித்தான் நடக்கும் என்கிறார்கள். இதில் நான் தப்பித்துவிடுகிறேன். அதனாலேயே இந்த முடிவை நான் நம்பவில்லை.)

ஆ) “அதிகாரி திரையைப் பார்த்தார். பெட்டியைப் பார்த்தார். பிறகு அக்காவின்—”

(இதற்கு மேல் என்னால் எழுத முடியவில்லை.)

இ) விண்ணப்பத்தில் தவறான பதில் போயிருந்தால் திருத்தி அனுப்ப ஒரு படிவம் இருக்கிறது. தேடிக் கண்டுபிடித்துவிட்டேன். பதில் வர மூன்று வாரம் ஆகலாம். அதுவரை பயணம் செய்யக் கூடாது. விசாவை ரத்து செய்தாலும் செய்யலாம், ‘ஆம்’ என்பதையே ஏற்றுக்கொண்டாலும் கொள்ளலாம். அதற்குள் எலும்பு இன்னும் கொஞ்சம் தேய்ந்திருக்கும். (முதலிலேயே ‘ஆம்’ என்று போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பது இனி யாருக்கும் தெரியப்போவதில்லை. அதையும் நான்தான் கெடுத்தேன்.)

ஈ) அக்கா கருவிப்பெட்டியை வீட்டிலேயே வைத்துவிட்டு, வெறும் தங்கையாகப் போகிறார். (இரண்டாம் நாளே அங்கே எங்காவது மெழுகு கிடைக்குமா என்று தேடுவார். எனக்குத் தெரியும்.)

8

வாசகரே, மன்னிக்க வேண்டும். முடிவை உங்களிடம் கொடுத்துவிட்டு நழுவலாம் என்றுதான் இருந்தேன். இந்த மாதிரிக் கதைகளில் அப்படிச் செய்யலாம், யாரும் ஒன்றும் சொல்ல மாட்டார்கள். ஆனால் இந்த முடிவு உங்களுடையது அல்ல. என்னுடையதும் அல்ல. ஒரு முறை எடுத்துக்கொண்டு பட்ட பாடு போதும்.

அக்கா, இனி இது உங்களுக்கு.

கதையெல்லாம் படிக்க நேரமில்லை என்பீர்கள். அதனால் இதைக் கதை என்று சொல்லிக் கொடுக்கப்போவதில்லை. பிரிண்ட் கேட்டீர்களே, இதுதான் அந்தப் பிரிண்ட். நீங்கள் சொன்ன பதில்கள் எல்லாம் இதில் இருக்கின்றன, மறைந்துபோன பெட்டியும் இருக்கிறது. மை இருந்தது, அக்கா. எப்போதும் இருந்தது.

செட் சரியில்லை என்று திரும்பி வருகிறவர்களை நீங்கள் திட்டி நான் கேட்டதில்லை. “எங்க உறுத்துது?” என்றுதான் கேட்பீர்கள். இங்கேதான் உறுத்துகிறது. நாலாம் பக்கம், பதினோராம் கேள்வி. பதிலை மாற்றியது நான்.

திருத்தப் படிவம் என் கணினியில் திறந்தே இருக்கிறது. உங்கள் வார்த்தை இல்லாமல் ஒரு எழுத்தையும் தட்ட மாட்டேன். இதற்குக் கீழே அரைப் பக்கம் வெள்ளையாக விட்டு, ஒரு பேனாவும் செருகியிருக்கிறேன். எழுத்துக்கு வரம்பு இல்லை. நேரத்துக்கு உண்டு. வியாழக்கிழமை காலை ஆறு மணிக்கு உங்கள் விமானம். இன்று திங்கள்.

மோட்டார் நின்றிருக்கிறது. மேலே வருகிறேன்.